46 வயசுல ஸ்கூட்டி சாவி கையில இருக்கு, கால்தான் நகரல

கண்மாய்க்கரை | 3 மார்ச் 2024, இரவு 11:20

எல்லாருக்கும் வணக்கம். ரெண்டு வருஷமா இங்க வந்து படிச்சிட்டுப் போறதோட சரி, எழுதுறது இதான் முதல் தடவை. தப்பான பகுதியில போட்டிருந்தா நெறியாளர் மாத்திடுங்க.

எனக்கு ஊரு புதுக்கோட்டை மாவட்டம், அன்னவாசல் பக்கம். வீட்டுக்காரர் குவைத்துல இருக்காரு. பொண்ணு திருச்சியில ஹாஸ்டல்ல தங்கிப் படிக்கிறா. வீட்டுல நானும் எங்க அம்மாவும்தான். அம்மாவுக்கு 66 வயசு. சுகர் இருக்கு, முட்டி வலியும் இருக்கு.

போன செவ்வாய்க்கிழமை ராத்திரி 11 மணி இருக்கும். அம்மா எந்திரிச்சு உக்காந்து, "மாடு அவுந்துருச்சு, போய்க் கட்டுடீ"ங்குது. நாங்க மாட்டை வித்து ஒம்போது வருஷம் ஆச்சு. தொட்டுப் பாத்தா உடம்பெல்லாம் வேர்வை, சில்லுனு இருக்கு. ராத்திரி ஒரு இட்லிய பிச்சுப் போட்டுட்டு மாத்திரைய மட்டும் முழுசா முழுங்கியிருக்கு. சக்கரைத் தண்ணி கலக்கிக் குடுத்தேன். கொஞ்சம் தெளிஞ்சு, திரும்ப கண்ணு சொருகுச்சு. மூணு ஆட்டோக்காரங்க நம்பர் வெச்சிருக்கேன். ஒருத்தர் எடுக்கல. ஒருத்தர் கல்யாணத்துக்கு மணப்பாறை போயிருக்காரு. இன்னொண்ணு சுவிட்ச் ஆஃப்.

வாசல்ல பொண்ணோட ஸ்கூட்டி நிக்குது. பெட்ரோல் இருக்கு. சாவி கையில இருக்கு. ஆஸ்பத்திரி நாலரை கிலோமீட்டர். நான் வண்டியைப் பாத்துக்கிட்டு நிக்கிறேன், அவ்வளவுதான். கடைசில எதுத்த வீட்டுப் பையனைத் தட்டி எழுப்பி, அவன் பைக்ல அம்மாவை நடுவுல உக்கார வெச்சுப் பிடிச்சுக்கிட்டுப் போனோம். அம்மா இப்ப நல்லா இருக்கு. அந்தப் பையன் பங்குனி முடிஞ்சு திருப்பூர் போறான்.

ஆறு வருஷத்துக்கு முன்னாடி ஒரு தடவை ஓட்டிப் பாத்தேன். ரெண்டாவது நாளே மேலத்தெரு காம்பவுண்ட் சுவத்துல போய் மோதி, தாடையில நாலு தையல். டீக்கடையில இருந்தவங்க ஓடி வந்து தூக்கினாங்க. தூக்கும்போதே ஒருத்தர் சிரிச்சாரு. அதுக்கப்புறம் வண்டியைத் தொட்டாலே கை நடுங்குது.

வண்டி ஓட்டக் கத்துக்கறது எப்படின்னு நான் கேக்கல, அதுக்கு யூடியூப் இருக்கு. நான் கேக்குறது அந்தத் தைரியத்தை எங்கேருந்து எடுக்குறதுன்னு. வண்டியோ வேற எதுவோ, உங்களுக்கும் இப்படி ஒரு பயம் இருந்து விட்டுப் போயிருந்தா எழுதுங்க. "உங்களால முடியும்"னு மட்டும் எழுதிடாதீங்க. அதை ரோஜாப்பூ படத்தோட தினமும் வாட்ஸப்ல வாங்கிட்டுத்தான் இருக்கேன்.

மருதைக்காரன் | 4 மார்ச், காலை 6:50

சகோதரி, யாரும் சொல்லாததை நான் சொல்றேன், கோவிச்சுக்காதீங்க. இந்த வயசுல எதுக்கு இந்த ரிஸ்க்? விழுந்து இடுப்பெலும்பு போச்சுன்னா உங்களையும் அம்மாவையும் யார் பாப்பா? இன்னும் நாலு ஆட்டோ நம்பர் சேத்து வெச்சுக்கோங்க. பகல்ல டவுன் பஸ்ஸுல பெண்களுக்கு டிக்கெட்டே கிடையாது. பயம்னு ஒண்ணு இருக்குன்னா அது காரணத்தோடதான் இருக்கும்.

கண்மாய்க்கரை | 4 மார்ச், காலை 9:15

கோவம் இல்லண்ணே. ஃப்ரீ பஸ் வந்த நாள்லேருந்து அதுலதான் போறேன். எங்க ஊருக்குக் கடைசி பஸ் ராத்திரி ஏழே முக்கால். சுகர் அந்த டைம்டேபிளைப் பாத்துக் குறைய மாட்டேங்குது.

நைட்ஷிப்ட் | 4 மார்ச், மதியம் 2:30

அக்கா, நான் ஸ்டாஃப் நர்ஸ், மதுரையில. முதல்ல அம்மா விஷயம். சுகர் 70-க்குக் கீழ இறங்குனா மூணு ஸ்பூன் சக்கரை, கிட்டத்தட்ட 15 கிராம், தண்ணியில கலந்து குடுக்கணும். 15 நிமிஷம் கழிச்சு திரும்பப் பாக்கணும், ஏறலைன்னா இன்னொரு தடவை அதே அளவு. தெளிஞ்ச பிறகு பிஸ்கட்டோ சோறோ எதாவது சாப்பிட வைக்கணும், இல்லைன்னா மறுபடி இறங்கும். உங்களுக்கு நடந்தது அதுதான். மயங்கிட்டா வாயில எதையும் ஊத்தாதீங்க, 108 கூப்பிடுங்க. சுகர் பாக்குற சின்ன மெஷின் ஒண்ணு வாங்கி வெச்சுக்கோங்க. சாப்பிடாம மாத்திரை போட்டதை டாக்டர்கிட்ட அவசியம் சொல்லுங்க.

இன்னொண்ணு. உங்களுக்கு நல்லா ஓட்டத் தெரிஞ்சிருந்தாலும் அன்னிக்கு ராத்திரி கண்ணு சொருகுற ஆளைப் பின்னாடி உக்கார வெச்சு ஓட்டியிருக்கக் கூடாது. வண்டியை எடுக்காதது கோழைத்தனம் இல்ல. நீங்க சக்கரைத் தண்ணி கலக்குனீங்க பாத்தீங்களா, அன்னிக்கு உயிரைக் காப்பாத்துன வேலை அதுதான். அதைச் செய்யும்போது உங்க கை நடுங்குச்சா?

கண்மாய்க்கரை | 4 மார்ச், மாலை 5:05

நீங்க கேட்டதும்தான் யோசிச்சுப் பாக்குறேன். டம்ளர்ல பாதி கீழ சிந்துச்சு. நடுங்கியிருக்கும்போல. கவனிக்கல.

நைட்ஷிப்ட் | 4 மார்ச், மாலை 5:40

அவ்வளவுதான் அக்கா விஷயம். எனக்கு முதல் வருஷம் ஐவி லைன் போடுறதுன்னா உயிர் போகும். ஊசிய எடுத்தா முனை ஆடுறது நோயாளிக்கே தெரியும். எங்க சீனியர் சிஸ்டர் ஒருத்தங்க தைரியமா இருன்னு ஒரு நாளும் சொன்னதில்ல. "சுண்டு விரலை நோயாளி கையில ஊன்றிக்கோ"ன்னாங்க. ஊன்றினா கை நடுங்கினாலும் ஊசி நடுங்காது. மூச்சை இழுக்கறதைவிட விடுறதை நீளமா விடு, பாதத்தைத் தரையில அழுத்துன்னாங்க. நடுக்கம் நின்ன பிறகு போடலாம்னு நான் காத்திருந்த ஒவ்வொரு தடவையும் அது கூடத்தான் செஞ்சுது. குத்தின அப்புறம்தான் இறங்கும்.

பழைய டிவிஎஸ்50 | 4 மார்ச், இரவு 9:30

அம்மணி, நான் திருச்சியில 27 வருஷம் டிரைவிங் ஸ்கூல்ல சொல்லிக் கொடுத்தவன். இப்ப ரிட்டையர்டு. உங்க பதிவை ரெண்டு தடவை படிச்சேன். ஒரு கேள்வி. அந்தச் சுவத்துல மோதினப்ப வண்டி நின்னு மோதுச்சா, வேகம் கூடி மோதுச்சா?

கண்மாய்க்கரை | 4 மார்ச், இரவு 9:48

கூடித்தான் மோதுச்சுங்கய்யா. பிரேக் பிடிச்சேன், ஆனா வண்டி சீறிக்கிட்டுப் போச்சு. எம் பொண்ணு "பிரேக் பிடிம்மா, பிரேக் பிடிம்மா"ன்னு கத்துறா. பிடிச்சுக்கிட்டுத்தான் இருந்தேன். சத்தியமா.

பழைய டிவிஎஸ்50 | 4 மார்ச், இரவு 10:25

நெனச்சேன். நீங்க பிரேக் பிடிச்சது உண்மை, வண்டி சீறினதும் உண்மை. ஸ்கூட்டில வலது கைப்பிடியிலயே ஆக்சிலேட்டரும் இருக்கு, முன் பிரேக்கும் இருக்கு. பயந்தா கை இறுகும். இறுகினா மணிக்கட்டு கீழ இறங்கும். மணிக்கட்டு இறங்கினா ஆக்சிலேட்டர் தானா முறுக்கிக்கும். அதே கையில நாலு விரல் பிரேக்கைத் தேடிக்கிட்டு இருக்கும். புதுசா ஓட்டுறவங்க சுவத்துலயும் சாக்கடையிலயும் விழுறது பெரும்பாலும் இப்படித்தான். பதினெட்டு வயசுப் பையன், போலீஸ்காரர், வாத்தியார் எல்லாரும் இதே மாதிரி மோதினதை இந்தக் கண்ணால பாத்திருக்கேன். இதுல ஆம்பள பொம்பள கணக்கு கிடையாது.

இப்படிச் செய்யுங்க. முதல் மூணு நாள் சாவியே போடாதீங்க. வண்டியில உக்காந்து ரெண்டு காலாலயும் தரையைத் தள்ளித் தள்ளி, வாத்து மாதிரி போங்க. நிறுத்துறதுக்கு இடது கை பிரேக் மட்டும். இடது கையில ஆக்சிலேட்டர் கிடையாது, அதனால எவ்வளவு பயந்து இறுக்கினாலும் வண்டி நிக்கத்தான் செய்யும். அந்த ஒரு விஷயத்தை உங்க உடம்பு நம்பணும். சென்டர் ஸ்டாண்ட் போடக் கை பலம் வேண்டாம், ஸ்டாண்டை மிதிச்சு அது மேல ஏறி நின்னா போதும், வண்டி தானா பின்னுக்குப் போய் ஏறிக்கும். நாலாம் நாள் ஸ்டார்ட் பண்ணுங்க. வலது முழங்கையைக் கீழ தொங்க விட்டுப் பிடிங்க, தூக்கிப் பிடிக்காதீங்க. கண்ணு எங்க போகுதோ வண்டி அங்க போகும். சுவத்தைப் பாத்தா சுவத்துக்கு, சந்தைப் பாத்தா சந்துக்கு.

ரோட்டுக்கு வர்றதுக்கு முன்னாடி எல்எல்ஆர், அதான் பழகுறவங்களுக்கான லைசென்ஸ், போடணும். 40 வயசு தாண்டினவங்களுக்கு டாக்டர் சர்டிபிகேட்டும் வேணும். 30 நாள் கழிச்சு லைசென்ஸ் டெஸ்ட். எல்எல்ஆர் ஆறு மாசம் செல்லும், அவசரம் இல்ல.

கண்மாய்க்கரை | 4 மார்ச், இரவு 11:10

அய்யா, இதைப் படிச்சுட்டுத் திண்ணையில போய் உக்காந்து வந்தேன். ஆறு வருஷமா நான் பயந்தாங்கொள்ளி, நம்ம மண்டைக்கு இது ஏறாதுன்னே நெனச்சுக்கிட்டு இருந்தேன். மணிக்கட்டா?

கொங்குத்தங்கம் | 5 மார்ச், காலை 5:10

ஏனுங்க அக்கா, நான் பெருந்துறை பக்கம், மில்லுல சூப்பர்வைசர். 39 வயசுல பழகுனனுங்க. காலைல இதே நேரத்துக்கு எந்திரிச்சு, ஆளில்லாத ரோட்டுல, ஒரு நாளைக்கு ஒரு கரண்டு கம்பம் கணக்கு. இன்னைக்கு ஒரு கம்பம் வரைக்கும், நாளைக்கு ரெண்டு. ஒம்போதாவது கம்பத்துக்கிட்ட நாயி துரத்துச்சுங்க. அன்னிக்குத்தான் எனக்கு வண்டி ஓட்ட வந்துச்சு.

அந்தச் சிரிச்ச மனுசனை விடுங்க. நம்ம வண்டிக்கு அவரா பெட்ரோல் போடப்போறாரு.

குட்டிப்பொறியாளர் | 5 மார்ச், மதியம் 1:15

நான் வண்டி நல்லா ஓட்டுவேன். எனக்குப் பயம் போன்ல. ஊர்ல பத்தாவது வரைக்கும் தமிழ் மீடியம், இப்ப சென்னையில வேலை. வெளிநாட்டு கஸ்டமர் கால்ல என் பேரைச் சொன்னாங்கன்னா வயித்துல ஏதோ இறங்கும். பதில் தெரியும். ஆனா மைக்கை ஆன் பண்ண மாட்டேன். பக்கத்து சீட்காரன் அதே பதிலைச் சொல்லிப் பேர் வாங்குவான். இப்ப ஒண்ணு பண்றேன். சொல்லப்போற முதல் வாக்கியத்தை மட்டும் துண்டுச்சீட்டுல எழுதி கீபோர்டுக்கு முன்னாடி ஒட்டிக்கறேன். அதைப் படிச்சுட்டா மிச்சம் எப்படியாவது வந்துடுது. போன வாரம் "நான் ஒண்ணு சொல்லலாமா"ன்னு சீட்டைப் படிச்சேன், மைக் ஆன் பண்ணவே இல்ல. அடுத்த தடவை பண்ணுவேன்.

நெறியாளர் | 5 மார்ச், மாலை 6:00

இழை நன்றாகப் போகிறது. மேற்கோள் மட்டும் போட்டுவிட்டுப் போன மூன்று பதிவுகளை எடுத்திருக்கிறேன். குறள் எல்லாருக்கும் தெரியும், உங்கள் கதை எங்களுக்குத் தெரியாது. அதை எழுதுங்கள்.

அறிவொளி92 | 6 மார்ச், காலை 8:20

சகோதரி, புதுக்கோட்டை என்று பார்த்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை. 1991-ல் நம் மாவட்டத்தில் அறிவொளி இயக்கம் தொடங்கியபோது நான் படிப்பு முடித்து வேலை தேடிக்கொண்டிருந்த பையன். சம்பளம் இல்லாத தொண்டர். சாயங்காலம் பள்ளிக்கூடத் திண்ணையில் அரிக்கேன் விளக்கு வைத்து எழுத்துச் சொல்லிக்கொடுப்போம். அப்போது கலெக்டராக இருந்தவர் ஷீலா ராணி சுங்கத். எழுதப் படிக்க மட்டும் போதாது, பெண்கள் சைக்கிளும் கற்கவேண்டும் என்று அதையும் இயக்கத்தோடு சேர்த்தார்கள். சைக்கிள் வாங்க வங்கிக் கடனுக்கும் வழி செய்தார்கள். கல்குவாரி வேலைக்குப் போனவர்கள், வயல் வேலைக்குப் போனவர்கள், அங்கன்வாடி அம்மாக்கள், கிராம நர்ஸுகள், கல் பட்டை தீட்டுகிறவர்கள் என்று ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட பெண்கள் ஓட்டினார்கள். லேடீஸ் சைக்கிள் கடைகளில் தீர்ந்துபோய் ஜென்ட்ஸ் சைக்கிள் வாங்கினார்கள். பிறகு அதுதான் வசதி என்றார்கள், முன்கம்பியில் பிள்ளையை உட்கார வைக்கலாமே.

நான் பார்த்ததைச் சொல்கிறேன். அவர்கள் யாரும் முதலில் தைரியசாலி ஆகிவிட்டு அப்புறம் சைக்கிள் ஏறவில்லை. பொட்டலில் முப்பது பேர் ஒன்றாக வந்து நிற்பார்கள். ஒருத்தி விழுந்தால் ஊர் சிரிக்கும். முப்பது பேரும் மாறி மாறி விழுந்தால் யாரைப் பார்த்துச் சிரிப்பது? கேலி பேசியவர்கள் இருந்தார்கள், அசிங்கமாகவும் பேசினார்கள். நாலைந்து நாளில் அவர்களுக்கே சலித்துவிட்டது. நீங்கள் தனியாகப் பழகாதீர்கள். தெருவில் இன்னும் ரெண்டு பேரைப் பிடியுங்கள்.

கண்மாய்க்கரை | 6 மார்ச், இரவு 10:40

அய்யா, இதை எழுதவா வேண்டாமான்னு யோசிச்சுக்கிட்டே இருந்தேன். எங்க அம்மா அதுல ஒரு ஆளு.

குவாரில ஜல்லி உடைக்கிற வேலை பாத்துச்சு. 1992-ல அதுக்கு 34 வயசு. பழைய ஜென்ட்ஸ் சைக்கிள் ஒண்ணு, முன்னாடி மட்கார்டு கிடையாது. சேலையைக் கெண்டைக்காலுக்கு மேல ஏத்திச் சொருகிக்கிட்டு, முன்கம்பியைத் தாண்டிக் காலைப் போட்டு ஏறும். கேரியர்ல சம்மட்டியும் தூக்குவாளியும் கட்டியிருக்கும். எனக்கு அப்ப 14, வயசுக்கு வந்து ஆறு மாசம். நானும் கத்துக்கறேன்னு கேட்டேன். எங்கப்பா "வீட்டுக்கு ஒருத்தி ஓட்டுனா போதும்"னுட்டாரு. அம்மாவும் ஒண்ணும் பேசல. எனக்கு அது இன்னும் வருத்தம்தான். அப்பா சொன்னதைவிட அம்மா பேசாம இருந்தது.

நேத்து அதைக் கேட்டே கேட்டுட்டேன். 32 வருஷம் கழிச்சு. வெத்தலையை மென்னுக்கிட்டே, "நான் ஏறுறதுக்கே அந்த மனுசன்கிட்ட ஆறு மாசம் மல்லுக்கு நின்னேன். ஒனக்கும் சேத்து நிக்க அப்ப தெம்பு இல்லடீ"ன்னுச்சு. அப்புறம் எந்திரிச்சுப் போயி முகம் கழுவிட்டு வந்துச்சு.

யாழ்சைக்கிள் | 7 மார்ச், காலை 7:45

அக்கா, நான் யாழ்ப்பாணத்திலயிருந்து எழுதுறன். உங்கட அம்மாவின்ர சைக்கிள் கதை எனக்கு எங்கட வீட்டுக் கதை மாதிரிக் கிடக்கு. 1990-க்குப் பிறகு எங்கட பக்கம் பொருளாதாரத் தடை, பெற்றோல் இல்லை. மோட்டார் சைக்கிளுக்குக் கொஞ்சம் பெற்றோல் விட்டு ஸ்ராட் பண்ணிப்போட்டு மண்ணெண்ணெயில ஓடுவினம். மற்ற எல்லாருக்கும் சைக்கிள்தான். பள்ளிக்கூடம், சந்தை, ஆஸ்பத்திரி, செத்த வீடு எல்லாத்துக்கும். கரண்ட் இல்லாததால சைக்கிள் டைனமோவைச் சுத்தித்தான் ரேடியோவில செய்தி கேட்டது. 1995 ஒக்ரோபர் 30 சண்டையால ஊரே இடம்பெயர்ந்தபோது எனக்கு 17 வயது. அம்மம்மாவைப் பின் கரியரில இருத்தி, மழைக்குள்ள, சனத்துக்குள்ளால நாவற்குழிப் பக்கம் விடியும் வரைக்கும் உருட்டிக்கொண்டு போனன். ஓடுறதுக்கு இடமே இல்லை.

அப்ப எங்களை ஒருத்தரும் தைரியசாலி எண்டு சொல்லேல்லை. வேற வழி இருந்தால்தானே.

அப்பிடிப்பட்ட நான் போன வருசம் ஒரு கந்தோர் (ஒபீஸ்) கவுண்டரில, "அந்தப் படிவத்தை இன்னொருக்கா விளங்கப்படுத்துங்கோ" எண்டு கேக்கப் பயந்து வீட்டை திரும்பி வந்தனான். அதுக்கு என்ன பேர் எண்டு எனக்கு இப்பவும் விளங்கேல்லை. ஒரு இடத்தில இருக்கிற துணிவு மற்ற இடத்துக்குக் கூட வராது போல.

மருதைக்காரன் | 7 மார்ச், இரவு 8:10

வண்டி வேண்டாம்னு சொன்னதுக்கு எல்லாரும் சேர்ந்து என்னை வில்லன் ஆக்கிட்டீங்க. ஒண்ணு சொல்லிடுறேன். என் வீட்டுக்காரம்மா 2019-ல வண்டில விழுந்து ரெண்டு மாசம் படுக்கையில இருந்தாங்க. மண்ணுல வழுக்குச்சு, அவங்க மேல தப்பே இல்ல. ஹெல்மெட் இருந்ததால தலை தப்பிச்சுது. அவங்க இப்ப திரும்ப ஓட்டுறாங்க. நான்தான் அவங்க வீட்டுக்குள்ள வர்ற வரைக்கும் வாசல்ல நிக்கிறேன். என் கருத்து மாறல. ஆனா கத்துக்கறதுன்னு முடிவு பண்ணிட்டா இன்சூரன்ஸ் தேதி பாருங்க, டயர் தேய்மானம் பாருங்க, திருப்பத்துல மண்ணு கிடந்தா முன் பிரேக்கைத் தொடாதீங்க.

கொங்குத்தங்கம் | 7 மார்ச், இரவு 8:30

வாசல்ல நிக்கிறீங்களா? இதை மொதல்லயே சொல்லியிருந்தா உங்களைத் தப்பா நெனச்சிருக்க மாட்டோமுங்களே.

சும்மா_படிக்கிறேன் | 9 மார்ச், அதிகாலை 2:15

எனக்கு வண்டியெல்லாம் இல்ல. ஏழு மாசமா வெளிய போகவே முடியல. கடைக்குப் போனாகூட நெஞ்சு படபடன்னு அடிச்சு, செத்துடுவேன்னு தோணி, பாதியில திரும்பிடுறேன். இசிஜி நார்மல். வீட்டுல "ஆம்பளையா இருந்துக்கிட்டு"ன்னு சொல்றாங்க. எனக்கும் தைரியம் வேணும்.

நைட்ஷிப்ட் | 9 மார்ச், அதிகாலை 2:40

தம்பி, முழிச்சுத்தான் இருக்கேன், டூட்டி. நீங்க சொல்றதுக்கும் நாங்க இங்க பேசுற தைரியத்துக்கும் சம்பந்தமே இல்ல. சுகருக்கு மருந்து இருக்கிற மாதிரி இதுக்கும் வைத்தியம் இருக்கு. 14416-க்கு போன் போடுங்க, டெலி மானஸ், அரசாங்கத்தோடது. காசு கிடையாது, 24 மணி நேரமும் எடுப்பாங்க, தமிழ்லயே பேசலாம். இப்பவே கூடப் போடலாம். அப்புறம் பெரிய அரசு ஆஸ்பத்திரி மனநல ஓபிக்கு யாரையாவது கூட்டிக்கிட்டுப் போங்க. இங்க இருக்கிற "இறங்கிப் பாரு, சரியாயிடும்" அறிவுரையை உங்களுக்கு எடுத்துக்காதீங்க. போய்ட்டு வந்து ஒரு வரி எழுதுங்க.

கண்மாய்க்கரை | 17 மார்ச், மாலை 7:00

தம்பி, நானும் உங்க பதிலைப் பாத்துக்கிட்டே இருக்கேன்.

என் பக்கம். ஆள் பிடிச்சாச்சு. எதுத்த வீட்டுப் பையனோட அம்மா, பையன் திருப்பூர் போறதால அவளுக்கும் வேணுமாம். அப்புறம் சத்துணவுல சமைக்கிற ஒரு தங்கச்சி. மூணு பேருக்கு ஒரு வண்டி. சாயங்காலம் அஞ்சரைக்கு நெல்லுக் களத்துல. அம்மா நாற்காலியோட வந்து உக்காந்துக்குது.

மூணு நாளும் வாத்து நடைதான். எதுத்த வீட்டுக்காரி முதல் நாளே இடது பிரேக்கை ஒரே அமுக்கா அமுக்கி, வண்டி நின்னு, அவ மட்டும் முன்னாடி போய் ஸ்பீடாமீட்டர்ல மூக்கை இடிச்சுக்கிட்டா. சிரிச்சுச் சிரிச்சு வயிறு வலிச்சுப்போச்சு. அறிவொளி அய்யா சொன்னது சரி, யாரைப் பாத்துச் சிரிக்கிறது.

நாலாவது நாள் ஸ்டார்ட் பண்ணினதும் கை நடுங்க ஆரம்பிச்சுது. நிறுத்திட்டேன். நர்ஸ் தங்கச்சி சொன்ன மாதிரி பாதத்தை அழுத்தி, மூச்சை விட்டேன். நடுக்கம் போகல. முழங்கையைக் கீழ இறக்கிப் பாத்தேன். நடுக்கம் அப்படியே இருக்கு, ஆனா வண்டி சீறல! களத்தோட அந்த முனை வரைக்கும் போனேன். திருப்பத் தெரியாம இறங்கி, கையால திருப்பிக்கிட்டு வந்தேன். அம்மா "சாணி மேல ஏத்தாதடீ"ன்னு கத்துது. அதைத் தவிர ஒண்ணும் சொல்லல.

வீட்டுக்காரர்கிட்ட இன்னும் சொல்லல. போன தடவை விழுந்தப்பவே "நான் வந்து சொல்லித் தர்றேன், அது வரைக்கும் தொடாதே"ன்னாரு. அதுக்கப்புறம் மூணு தடவை லீவுல வந்துட்டுப் போய்ட்டாரு. சொல்லலாமா, எல்எல்ஆர் வாங்கிட்டுச் சொல்லலாமா?

மருதைக்காரன் | 17 மார்ச், இரவு 7:50

இன்னைக்கே சொல்லுங்க. ஊர்க்காரன் எவனாவது முதல்ல சொல்லிடுவான்.

கொங்குத்தங்கம் | 17 மார்ச், இரவு 8:15

நான் லைசென்ஸைக் கையில வாங்கி, அதைப் படம் புடிச்சு அனுப்பித்தான் சொன்னனுங்க. ஆளாளுக்கு வீடு வேற.

கண்மாய்க்கரை | 20 மார்ச், இரவு 10:15

சொல்லிட்டேன். ரொம்ப நேரம் பேச்சே இல்ல, லைன் கட்டாயிடுச்சோன்னு பாத்தேன். அப்புறம் "டயர்ல காத்து பாத்தியா?"ன்னாரு. பாக்கலன்னேன். "பாரு"ன்னாரு. அவ்வளவுதான். சம்மதமா இல்லையான்னு எனக்குப் பிடிபடல. காத்து மட்டும் பிடிச்சுட்டேன்.

சும்மா_படிக்கிறேன் | 2 ஏப்ரல், இரவு 9:00

போன் பண்ணேன். போன வாரம் ஓபி போய்ட்டு வந்தேன், எங்க அக்கா கூட வந்தா. மாத்திரை ஆரம்பிச்சிருக்காங்க, வாரம் ஒரு தடவை பேச வரச் சொல்லியிருக்காங்க. நைட்ஷிப்ட் அக்கா, நன்றி. வேற எழுதத் தோணல.

நைட்ஷிப்ட் | 2 ஏப்ரல், இரவு 11:30

இது போதும். மாத்திரையை நீங்களா நிறுத்திடாதீங்க.

கண்மாய்க்கரை | 12 மே, மாலை 6:20

எலெக்ஷன் முடிஞ்சு போன வாரம்தான் டெஸ்ட்டுக்குத் தேதி கிடைச்சுது. கத்திரி வெயில்ல பதினோரு மணிக்கு எட்டு போடச் சொன்னாங்க. முதல் வளைவு நல்லா வந்துச்சு. ரெண்டாவது வளைவுல, வரிசையில நிக்கிற பசங்க பாக்குறாங்கன்னு தோணுச்சு. அந்த நெனப்பு வந்த உடனே காலு தானா தரையில ஊனிருச்சு. ஃபெயில். ஏழு நாள் கழிச்சுத் திரும்ப வரணும்.

வீட்டுக்கு வந்து அழுதேன். பொய் சொல்ல விரும்பல.

பழைய டிவிஎஸ்50 | 12 மே, இரவு 9:10

எட்டுல கால் ஊன்றாத ஆள் ரொம்பக் கம்மி அம்மணி. களத்துல சாம்பலால ஒரு எட்டு போட்டு வெச்சுப் பழகுங்க. டெஸ்ட்ல போட்டிருக்கிறதைவிட உங்க எட்டு சின்னதா இருக்கட்டும். ஆக்சிலேட்டரை லேசா ஒரே சீரா வெச்சுக்கிட்டு, வேகத்தை இடது பிரேக்கால மட்டும் குறைங்க. கண்ணு முன்சக்கரத்துல இருக்கக் கூடாது, அடுத்த வளைவுல இருக்கணும். பாக்குற பசங்களைப் பத்திக் கவலையே வேண்டாம், அவனவன் தன்னோட எட்டை நெனச்சு வேர்த்துக்கிட்டு நிக்கிறான்.

யாழ்சைக்கிள் | 13 மே, காலை 8:00

அக்கா, நான் திரும்ப அந்தக் கந்தோருக்குப் போனனான். குட்டிப்பொறியாளர் தம்பி சொன்ன மாதிரி கேள்வியைத் துண்டில எழுதிக்கொண்டு போனன். அந்தப் பெடியன் விளங்கப்படுத்தினவன், ரெண்டு நிமிசம்தான். அதுக்கு ஒரு வருசம் பயந்திருக்கிறன். நீங்களும் திரும்பப் போங்கோ.

கண்மாய்க்கரை | 2 ஜூன், இரவு 8:45

ரெண்டாவது தடவை பாஸ். எதுத்த வீட்டுக்காரியும் பாஸ். சத்துணவுத் தங்கச்சிக்கு எல்எல்ஆர் லேட்டா வந்ததால அடுத்த வாரம்.

இப்ப வேற ஒரு பிரச்சனை. சித்தன்னவாசல்ல ஒரு காதுகுத்து. நான் வண்டியில கூட்டிக்கிட்டுப் போனாத்தான் வருவேன், பஸ்ஸுல வர மாட்டேன்னு அம்மா பிடிவாதம். எனக்கு வயிறு கலங்குது, அது வேற விஷயம். ஹெல்மெட் இல்லாம ஏத்த மாட்டேன்னு சொல்லிட்டேன். பொண்ணோட ஹெல்மெட் அம்மாவுக்கு உள்ள போக மாட்டேங்குது, பெரிய கொண்டை. கொண்டையை எடுன்னா, "குவாரிக்குப் போனப்பவே எடுக்கல"ங்குது. அம்மா தலைக்கு எந்த சைஸ் வாங்குறது?

மருதைக்காரன் | 2 ஜூன், இரவு 9:05

டேப்பை நெத்தியில வெச்சு, காதுக்கு மேலயே கொண்டுபோய்ப் பின்மண்டை வரைக்கும் சுத்தி அளங்க. எத்தனை சென்டிமீட்டர்னு கடையில சொன்னா சரியான சைஸ் தருவாங்க. கொண்டையோட சேர்த்து அளக்காதீங்க, லூஸ் ஆயிடும். கொண்டையைக் கழுத்துக்குக் கீழ இறக்கிப் போட்டா ஹெல்மெட் மாட்டலாம், என் வீட்டுக்காரம்மா அப்படித்தான் போடுறாங்க. ஐஎஸ்ஐ முத்திரை பாத்து வாங்குங்க. கிளிப் போட்டு, தாடைக்குக் கீழ ஒரு விரல் நுழையற அளவுக்கு இறுக்குங்க. அம்மா ரெண்டு பக்கமும் கால் போட்டு உக்காருவாங்களா, ஒரு பக்கமாவா?

கண்மாய்க்கரை | 2 ஜூன், இரவு 9:20

ரெண்டு பக்கமும்தான். சேலையை இப்பவே ஏத்திச் சொருகி, நிக்கிற வண்டியில உக்காந்து பாத்துக்கிட்டு இருக்கு.